ஒன்றுக்குப் பன்னிரண்டு

முதல் தடவை உடைத்தபோது
குடிகாரர் வேலை என்று எழுதிக்கொண்டார் மேற்பார்வையாளர்.
போர்த்தோவின் ஜனவரி மழை
கருங்கல்லைக்கூடக் கொஞ்சம் தளர்த்திவிடும் என்றேன் நானும்.
நகராட்சியின் கல்வேலைக்காரன் நான்.
உடைந்த விளிம்பை நேராக்கினால்தான் சம்பளம்.
தபால் நிலையத்துக்கு எதிரே
பதினெட்டு சென்டிமீட்டர் உயரத்துக்கு
நடைபாதையை மறுபடி நிமிர்த்திவிட்டு வந்தேன்.

இரண்டாம் தடவை, உடைத்த இடத்தில்
சிமெண்ட் குழைத்துச் சரிவு பூசியிருந்தார்கள்.
மோசமான பூச்சு. மணல் அதிகம்.
ஈரம் காயுமுன்னே சக்கரம் ஏறிய தடம்,
இரண்டு கோடுகள்,
நடுவில் ஒரு நாயின் கால்.
கொத்தி எடுத்தேன்.

மூன்றாம் தடவை அவர்களே இருந்தார்கள்.
பட்டப்பகலில், நடுத்தெருவில், பதினோரு சக்கர நாற்காலிகள்.
பின்னால் முப்பத்தெட்டாம் எண் பேருந்து
ஹாரன் அடித்து அடித்துத் தொண்டை கட்டி நின்றது.
டெல்ஃபினா (பெயர் பிறகுதான் தெரியும்)
நான்கு கிலோ சுத்தியலை மடியில்
வீட்டுப் பூனைபோல் வைத்திருந்தாள்.
போலீஸ்காரர் இருவர் வந்தனர்.
கைது செய்யலாம்தான்.
காவல் வண்டிக்கு மூன்று படி.
காவல் நிலையத்துக்கு ஏழு.
இளையவன் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தான்.
சிரித்தவர்கள் நாற்காலிக்காரர்கள் மட்டுமல்ல.

பேருந்திலிருந்து இறங்கிய ஒருத்தி கத்தினாள்:
"என் வேலை போகும், உங்களால்!"
அதுவும் உண்மை.
"எனக்குப் போவதற்கு வேலையே இல்லை," என்றான் அமில்கார்.
"நேர்காணல் இரண்டாம் மாடியில் வைத்தார்கள்."
அவள் சமாதானமாகவில்லை.
நடந்தே போனாள். குதிகால் செருப்பு
கல்லில் கோபமாக விழும் ஒலி
மூலை திரும்பும்வரை கேட்டது.

அன்று மாலையும் விளிம்பை நேராக்கினேன்.
கை தானாகச் செய்தது.
எதிர்ப்புறமிருந்து டெல்ஃபினா பார்த்துக்கொண்டே இருந்தாள்.
திட்டவில்லை.
"நன்றாகக் கட்டுகிறாய்," என்றாள்.
வசையென்றால் பொறுத்திருப்பேன்.

நான்காம் இரவு,
சொல்லிவிடுகிறேன், ஓய்வூதியம் வந்தாயிற்று, இனி என்ன,
நானும் போனேன்.
டார்ச் பிடித்தது எர்மீனியா, மளிகைக் கடைக்காரி,
எந்தக் கட்சிக்கும் ஓட்டுப் போடாதவள்.
"இவ்வளவு செங்குத்தாகப் பூசினால்
பின்னுக்குச் சாய்ந்து மண்டை உடையும்," என்றேன்.
"ஒரு பங்கு உயரத்துக்குப் பன்னிரண்டு பங்கு நீளம் வேண்டும்."
மணலைக் குறைத்தேன். மட்டப்பலகை வைத்தேன்.
காலையில் மேற்பார்வையாளர் குனிந்தார்,
விரலால் தடவிப் பார்த்தார்,
என் முகத்தைப் பார்த்தார்.
"குடிகாரர்கள் தேறிவிட்டார்கள்," என்றார்.
இடிக்கச் சொல்லவில்லை.

பிறகு மனுக்கள், ஒரு வழக்கு, ஒரு தேர்தல்,
தோற்றுப்போன வழக்கு, இன்னொரு தேர்தல்.
ஒன்பது வருடம்.
ஆறாவது வருடம் அமில்கார் சலித்து விலகினான்,
கைக்கடிகாரம் பழுதுபார்க்கிறான், யாரும் குறை சொல்லவில்லை.
ஆணை வந்த நாளில் நாடா வெட்டியவர்
நாங்கள் கேள்விப்படாத ஒருவர்.

இப்போது அந்தச் சரிவில்
பெட்டி உருட்டும் சுற்றுலாக்காரர்கள்,
பீர்ப் பீப்பாய் தள்ளும் பையன்,
இரட்டைக் குழந்தை வண்டி,
ஒருநாள், ஊன்றுகோலோடு,
அந்தக் குதிகால் செருப்புக்காரியின் சாயலில் ஒருத்தி.
அவளேதானா, தெரியாது.
யாரும் காலடியைப் பார்ப்பதில்லை.

மழைநாளில் மட்டும் அடியில் தண்ணீர் தேங்குகிறது.
வடிகால் என் தப்பு; அந்த இரவின் அவசரம்.
டெல்ஃபினா நகராட்சிக்கு எழுதியிருக்கிறாள்,
நாற்பத்தொன்றாவது கடிதம்.
நகல் எனக்கும் வந்தது.
ஓரத்தில், பென்சிலில்:
"சுத்தியல் இன்னும் என்னிடம்தான்."